நாலு நிமிஷம் முன்னால் வந்தவள்

அந்தச் செவ்வாய்க்கிழமை சாயங்காலம் அவர் மனைவி இரண்டு முறை வீட்டுக்கு வந்தாள்.

முதல் முறை வந்தபோது அவர் உள் அறையில், கட்டிலுக்கு அந்தப் பக்கம் குந்தி உட்கார்ந்து கால் நகம் வெட்டிக்கொண்டிருந்தார். கூடத்தில் வெட்டினால் திட்டு விழும். உள் அறையில் வெட்டினாலும் விழும், ஆனால் அவள் கண்டுபிடிக்கக் கொஞ்சம் நேரமாகும். மூன்று மாடி ஏறி வரும் அவளுடைய செருப்புச் சத்தத்தை உலகத்தில் வேறு எந்தச் சத்தத்தையும் விட அவர் நன்றாக அறிவார். வலது கால் ‘சரக்’, இடது கால் ‘தப்’, முழங்கால் வலிக்காக ஒவ்வொரு மாடித் திருப்பத்திலும் ஒரு சின்ன நிறுத்தம், கடைசிப் படியில் கைப்பை கம்பியில் இடிக்கிற ‘டங்’. பிறகு சாவி. அந்தக் கதவைத் தன் பக்கம் இழுத்துப் பிடித்துக்கொண்டுதான் சாவியைத் திருப்ப வேண்டும். பூட்டை மாற்றிவிடுகிறேன் என்று அவர் சொல்லத் தொடங்கி ஆறு வருடமாகிறது. கதவு திறந்தது. செருப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக விழுந்தன. சமையலறைக் குழாய் சீறியது, டம்ளர் மேடையில் உட்கார்ந்தது, அப்புறம் நாள் முழுக்க நின்ற உடம்பு மொத்தமும் கீழே இறங்குகிற மாதிரி ஒரு மூச்சு.

“அப்பாடா.”

அவர் நகவெட்டியைத் தலையணைக்கு அடியில் தள்ளிவிட்டு, “வந்துட்டியா?” என்று கேட்டார். பதில் இல்லை. ஒரு திருடனின் முகத்தோடு கூடத்துக்கு வந்தார்.

யாரும் இல்லை. சமையலறையில் டம்ளர் காலையில் கவிழ்த்த இடத்திலேயே, காய்ந்து, கவிழ்ந்திருந்தது. குழாயின் கீழே ஈரமில்லை. வாசலில் செருப்பில்லை. கதவு பூட்டியிருந்தது.

ஐம்பத்திரண்டு வயதில் காதுதான் முதலில் போகும் என்று யாரோ சொல்லியிருந்தார்கள். போகிற காது கேட்காமல்தானே போகும், கூடுதலாகக் கேட்டுக்கொண்டா போகும் என்று தன்னையே கிண்டல் செய்தபடி அவர் அங்கேயே நின்றார். கொஞ்ச நேரத்தில் கீழே, முதல் படியில், ‘சரக்’. ‘தப்’. திருப்பத்தில் நிறுத்தம். கம்பியில் ‘டங்’. சாவி. எல்லாம் அப்படியே, ஒரு பிசிறு மாறாமல். கதவு திறந்தது, இந்த முறை அதன் பின்னால் அவளும் இருந்தாள்.

“என்ன பேயறைஞ்ச மாதிரி நிக்கிறீங்க? உள்ரூம்ல நகம் வெட்டினீங்களா?”

அவர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். தொழில் பழக்கம். முதல் முறை கூடத்துக்கு வந்தபோதும் பார்த்திருந்தார். அப்போது ஆறு இருபத்தாறு. இப்போது ஆறரை.

நாலு நிமிஷம்.

அந்த எண் அவருக்குப் புதிதில்லை. ஏனென்றால் அது அவருடைய எண்.

மருந்து பாட்டிலுக்கு மூடி செய்கிற தொழிற்சாலையில் அவர் நேரக் காப்பாளர். எல்லோருக்கும் ‘டைம் சார்’. கேட்டை ஒட்டிய ஒரு சின்ன அறை, ஒரு மேஜை, சுவரில் பதித்த ஒரு பழைய இரும்புக் கடிகாரம், இவ்வளவுதான் அவருடைய ராஜ்யம். வேலைக்கு வருகிறவர்கள் தங்கள் மஞ்சள் கார்டை அந்தக் கடிகாரத்தின் வாயில் செருகினால் ‘டக்’ என்று நேரம் பதியும். எட்டு மணி வரைக்கும் கறுப்பு மை. எட்டைத் தாண்டினால் தானாகச் சிவப்பு. ஒரு மாதத்தில் மூன்று சிவப்பு விழுந்தால் வேலை போய்விடும்.

தினமும் எட்டுக்குச் சில நிமிஷம் முன்னால் ஒரு சரக்கு ரயில் வரும். ரயில்வே கேட் மூடும். அந்தப் பக்கம் மாட்டிக்கொள்கிற நாற்பது பேரில் அவர் மனைவியும் ஒருத்தி. அவள் பேக்கிங் பிரிவு. அவர் ஏழு மணிக்கே அலுவலகத்தைத் திறக்க வேண்டும் என்பதால் சாப்பிட்டு, டப்பாவை வாங்கிக்கொண்டு, தேய்த்த சட்டையைப் போட்டுக்கொண்டு முதலில் கிளம்பிவிடுவார். சமைத்ததும் டப்பா கட்டியதும் சட்டை தேய்த்ததும் அவள். அப்புறம் பாத்திரம், அப்புறம் குளியல், அப்புறம் ஓட்டம். அவளுடைய தாமதத்துக்கான முழுக் காரணமும் தேய்த்த சட்டையோடு மேஜைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து அவள் கார்டில் சிவப்பு விழுவதைப் பார்த்துக்கொண்டிருந்தது.

பதினோரு வருடத்துக்கு முன் ஒரே மாதத்தில் அவளுக்கு இரண்டாவது சிவப்பு விழுந்தது. மறுநாள் காலை ஏழு ஐம்பத்தொன்பதுக்கு அவர் இடுப்புச் சாவியால் கடிகாரத்தின் முகத்தைத் திறந்து, பெரிய முள்ளை ஒரே ஒரு விரலால் நாலு நிமிஷம் பின்னால் தள்ளினார். மூச்சு வாங்க ஓடி வந்தவள் எட்டு இரண்டுக்குக் கார்டைச் செருகினாள். ஏழு ஐம்பத்தெட்டு என்று கறுப்பாக விழுந்தது. அவள் பின்னால் வந்தவர்களுக்கும் விழுந்தது. “நாலு நிமிஷம்தானே, வாங்க வாங்க” என்று அவர் எல்லோரையும் உள்ளே விட்டார். மத்தியானம் எல்லோரும் சாப்பிடும்போது முள்ளை நாலு நிமிஷம் முன்னால் தள்ளிச் சரிசெய்தார். யாருக்கும் நஷ்டமில்லை. தினமும் நாலு நிமிஷத்தைத் தானம் செய்கிற வள்ளல் என்று தனக்குத் தானே ஒரு பட்டமும் கொடுத்துக்கொண்டார். பதினோரு வருடம், ஒரு வேலைநாள் விடாமல், அந்த வாக்கியமும் அந்த விரலும்.

ஒன்றை மட்டும் அவர் யோசித்ததில்லை. அந்த நாற்பது பேரும் வந்து சேர்வதற்கு நாலு நிமிஷம் முன்பே வந்து சேர்ந்துவிட்டதாக அவர் எழுதிக்கொண்டே இருந்திருக்கிறார்.

மறுநாள் காதுக்குச் சொட்டு மருந்து கேட்கலாம் என்று தொழிற்சாலையின் முதலுதவி அறைக்குப் போனார். அங்கே நர்ஸ் அம்மா அவர் காதுக்குள் விளக்கடித்துப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினாள்.

“காது நல்லாத்தான் கேக்குது டைம் சார். அதுதான் பிரச்சனையே. இவனைப் பாருங்க.”

மூலைக் கட்டிலில் லோடிங் பிரிவு ஆள் ஒருவன் உட்கார்ந்திருந்தான். உலகத்திலேயே மெதுவாக நடக்கிறவன் என்பதால் அவனுக்கு ‘அவசரம்’ என்று பெயர். ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கத்து ஆள். அவன் வாய் மூடியிருந்தது. ஆனால் அவன் இருந்த இடத்திலிருந்து இருமல் வந்தது, நெஞ்சைப் பிறாண்டுகிற வறட்டு இருமல், ஒன்று, இரண்டு, மூன்று.

“இப்ப பொறுங்க” என்றாள் நர்ஸ் அம்மா. தன் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே பஞ்சு மடித்தாள், புட்டிகளைத் துடைத்தாள். டெட்டால் நெடி, மின்விசிறியின் ஒற்றைக் கிறீச்சு, ஜன்னலுக்கு வெளியே பிளாஸ்டிக் உருக்குகிற இயந்திரங்களின் ஒரே மாதிரியான உறுமல், இவற்றுக்கு நடுவே அந்த நாலு நிமிஷம் ஒரு நாள் போல நீண்டது. பிறகு அவசரம் முன்னால் குனிந்தான். தோள் குலுங்கியது, முகம் சிவந்தது, கண்ணில் நீர் வந்தது. ஒன்று, இரண்டு, மூன்று. ஒரு சத்தமும் இல்லை.

“ஸ்டெத்தை எடுக்கிறேன், வைக்கிறதுக்கு முன்னாடியே கேக்குது. வச்சப்புறம் ஒண்ணும் கேக்கல. நெஞ்சுல காது வச்சும் பார்த்துட்டேன், ஆளு உக்காந்திருக்கான், உள்ள சத்தமில்ல.” அவள் குரலைத் தாழ்த்தினாள். “மொதல்ல முன்னாடியும் கேக்கும், பின்னாடியும் கேக்கும். அப்புறம் பின்னாடி கேக்குறது தேயுது. இவன் ஏழாவது ஆளு. முந்து காய்ச்சல்னு பேரு வச்சுட்டேன், மாத்திரைதான் இன்னும் வரல.”

“ஏழு பேரும் எந்தப் பக்கம் சிஸ்டர்?”

“எல்லாம் ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம். தண்ணியில ஏதாவது இருக்குமோ?”

இருக்கும் என்று அவர் சொன்னார். தண்ணியாகத்தான் இருக்கும். இடுப்புச் சாவி வயிற்றைக் குத்திக்கொண்டிருக்க, சொட்டு மருந்தை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு வெளியே வந்தார். அவர் ஒன்றும் வீரர் இல்லை.

இரண்டு நாள் முள்ளைத் தொடாமல் இருந்து பார்த்தார். நாற்பது பேருக்குச் சிவப்பு விழுந்து, நாற்பது பேரும் அவரைத் தின்றுவிடுகிற மாதிரி பார்த்ததுதான் மிச்சம். வீட்டில் ஆறு இருபத்தாறுக்குச் செருப்புச் சத்தம் வழக்கம்போல் மாடி ஏறியது. மூன்றாவது நாள் மறுபடி முள்ளைத் தள்ளினார். இன்னொரு சிவப்பு விழுந்தால் அவளுக்கு வேலை இல்லை.

நர்ஸ் அம்மா சொன்னது போலவே நடந்தது. முன்னால் வருகிற சத்தம் நாளுக்கு நாள் தடித்தது. பின்னால் அவள் வரும்போது ‘சரக்’ தேய்ந்து, ‘தப்’ தேய்ந்து, இரண்டாவது வாரம் அவள் மாடி ஏறி வந்து கதவைத் திறந்து எதிரில் நிற்கும்வரை ஒன்றுமே தெரியவில்லை. தொண்டை கட்டியிருக்கிறது என்று சைகை காட்டினாள். வெந்நீர் குடித்தாள். குழாய் திறந்தாள், தண்ணீர் ஓசையில்லாமல் ஊற்றியது. அவள் வாய் திறந்தால் காற்றுகூட வரவில்லை. ஆனால் நாலு நிமிஷத்துக்கு முன்னால், அவள் நிற்கப் போகிற இடத்திலிருந்து, அவள் சொல்லப் போவது எல்லாம் தெளிவாகக் கேட்டது.

அவர் ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கினார். ஆறு இருபத்தாறுக்குச் சமையலறை வாசலில் நாற்காலியைப் போட்டுக்கொண்டு, வெற்று அடுப்படி பேசுவதை ஒரு வரி விடாமல் எழுதிக்கொள்வார். “இன்னிக்கு சூப்பர்வைசருக்கு மூஞ்சியே சரியில்ல.” “முட்டி ரொம்ப வலிக்குதுங்க.” “சட்டையை ஏன் இப்படிச் சுருட்டிப் போடுறீங்க?” அப்புறம் அவள் வந்து உதடு அசைக்கும்போது நோட்டைப் பார்த்துப் பதில் சொல்வார். நான் சொல்றதை ஒரு நாளாவது காது கொடுத்துக் கேட்டிருக்கீங்களா என்று கல்யாணமான நாளிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தவள், இருபத்தாறாவது வருடத்தில் தன் புருஷன் தன் பேச்சைக் குறிப்பெடுத்துக் கேட்பதைப் பார்த்துச் சத்தமில்லாமல் சிரித்தாள். சிரித்து முடித்ததும் அழுதாள். அந்த அழுகையை அவர் ஏற்கெனவே கேட்டிருந்தார்.

அன்றைக்கு அவர் எல்லாவற்றையும் சொன்னார். முள், விரல், நாலு நிமிஷம், வள்ளல் பட்டம் வரைக்கும். அவள் தலையை ஆட்டியபடி கேட்டாள். இந்த முறை அவள் நோட்டை வாங்கி, அவர் எழுதியதற்குக் கீழே தானே எழுதினாள்.

‘எனக்காகத்தானே செஞ்சீங்க.’

கொஞ்சம் யோசித்துவிட்டு இன்னொரு வரி.

‘என்னைக் கதவுக்கு வெளியே நிக்க வச்சுடாதீங்க.’

“பைத்தியம்” என்றார் அவர். “பதினோரு வருஷமா ஒருத்தரையும் வெளிய நிறுத்தாதவன் நான். உன்னையா நிறுத்தப் போறேன்?”

அவள் அவர் உள்ளங்கையை எடுத்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொண்டாள். கன்னம் இருந்தது. சூடு இல்லை.

மறுநாள் ஆறு இருபத்தாறுக்குச் சத்தத்தோடு வாசனையும் வந்தது. காய்ந்த பிளாஸ்டிக்கும் மலிவான கைகழுவும் சோப்பும் கலந்த அவளுடைய வேலை வாசனை. அது கூடத்தைக் கடந்து போனது. எதிர் நாற்காலியின் மெத்தை மெதுவாக அமுங்கியது. அவர் தொட்டுப் பார்த்தார். வெதுவெதுப்பாக இருந்தது. பயத்தில், எழுதவேண்டியதை எழுதாமல், வாய் தவறி, “யாரு?” என்று கேட்டார்.

“நான்தாங்க. வேற யாரு வருவா?”

நாலு நிமிஷம் கழித்து அவள் வந்தாள். உதட்டைக் கூர்ந்து பார்த்தார். அந்த வார்த்தைகளை அவள் சொல்லவில்லை. முழங்காலைப் பிடித்துக்கொண்டு, நாற்காலியைப் பார்த்தபடி, அதில் உட்காராமல் நின்றாள்.

அதுவரை வந்தது அவளுடைய சத்தம். அன்று வந்தது பதில்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் அவசரத்தின் அக்கா நேர அலுவலகத்துக்கு வந்தாள். தம்பியைத் தூக்கி வளர்த்தவள். தம்பி இனிமேல் வேலைக்கு வரமாட்டான், கார்டை எடுத்துவிடுங்கள் என்று சொல்ல வந்திருந்தாள். புதிதாகத் தலை வாரி, நல்ல புடவை கட்டி, அவள் முகம் தெளிவாக இருந்தது. அதுதான் அவரைக் கலங்கடித்தது.

“இப்ப எப்படி இருக்கான்?”

“நல்லா இருக்கான் சார். நல்லா பேசுறான். முன்னெல்லாம் வீட்டுக்கு வந்தா வாயே திறக்க மாட்டான், இப்ப அக்கா அக்கான்னு ஒரே பேச்சு.”

“குரல் வந்துடுச்சா?”

“மொதல்ல வர்றவனுக்குக் குரல் இருக்கு சார்.” அவள் புடவைத் தலைப்பைச் சரிசெய்தாள். “அவனுக்குக் கதவைத் திறந்து விட்டுட்டு, தாழ்ப்பாள் போட்டுடுவேன். அப்புறம் வர்றவனுக்குத் திறக்கறதில்ல.”

இயந்திரங்களின் உறுமல் ஜன்னல் கண்ணாடியை நடுக்கிக்கொண்டிருந்தது.

“அப்புறம் வர்றவன்?”

“ரெண்டு நாள் கதவுகிட்ட நின்னான். அப்புறம் காணோம். எங்கயாவது போயிருப்பான். பாவம், யாரு உள்ள விடுவாங்களோ அங்க போவான்.” அவள் சிரித்தாள். “நீங்க ஒண்ணும் வருத்தப்படாதீங்க. நீங்க நல்லவர்னு தம்பி எப்பவும் சொல்லுவான்.”

அவள் போன பிறகு அவர் வெகுநேரம் அந்தக் கடிகாரத்தின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பொய்யை எழுதியதால் வந்த நோய். உண்மையை எழுதினால் போகவேண்டும். இது மருத்துவம் இல்லை, ஒரு குமாஸ்தாவின் புத்தி. அவரிடம் இருந்தது அதுதான். அவர் உள்ளே விட்டவர்கள் எல்லோரும் எட்டு தாண்டித்தான் வந்தார்கள். அதை அந்தக் கார்டிலேயே போட்டுவிட வேண்டும். இது புது மாதம், ஒரு சிவப்பால் ஒன்றும் வேலை போகாது. உயிர் மிஞ்சும்.

வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் அவருக்கு ஒரே ஒரு விதிதான் சொல்லப்பட்டது. ஒரு வரிக்கு ஒரு முத்திரை. அதே வரியில் இரண்டாவது விழுந்தால் கார்டு செல்லாது, ஏனென்றால் ஒரே நாளில் ஓர் ஆள் இரண்டு முறை வரமுடியாது. இருபத்தெட்டு வருடத்தில் அவர் மீறாத விதி. முள்ளைத் திருப்பியபோதுகூட மீறாதது.

ஐந்து மணிக்கு அலுவலக ஆட்கள் கிளம்பினார்கள். பேக்கிங்கும் லோடிங்கும் ஆறு வரைக்கும். அவர் கதவைச் சாத்திப் பூட்டிக்கொண்டு, கார்டுப் பலகையிலிருந்து நாற்பது மஞ்சள் கார்டுகளை உருவினார். அவசரத்தின் கார்டும் இருந்தது; அதில் இன்று காலைக்கும் கறுப்பு முத்திரை இருந்தது. அவன் காலையில் வந்ததாக அவருக்கு ஞாபகமில்லை. யோசிக்காமல் அடுத்ததற்குப் போனார். முள்ளைத் திருகி, ஒவ்வொரு கார்டிலும் காலையில் விழுந்த கறுப்பு நேரத்துக்குப் பக்கத்தில், நாலு நிமிஷம் கூட்டி, உண்மையான நேரத்தைப் பதித்தார். டக். சிவப்பு. டக். சிவப்பு. மையின் எண்ணெய் வாசனை மூக்கில் ஏறியது, அறை இருட்டிக்கொண்டு வந்தது. கடைசியாக மனைவியின் கார்டு. ஏழு ஐம்பத்தெட்டு, கறுப்பு. எட்டு இரண்டு, சிவப்பு. ஒரே வரியில், தோளோடு தோள் இடித்துக்கொண்டு, ஒருத்திக்கு இரண்டு வருகை.

டக் என்ற சத்தம் அடங்கியதும், அவர் முதுகுக்குப் பின்னால், பூட்டிய அறைக்குள், யாரோ மூச்சுவிட்டார்கள்.

“அப்பாடா.”

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. சாவியை எடுத்துக்கொண்டு நடந்தார். ரயில்வே கேட் வரைக்கும் நடந்தார், அப்புறம் ஓடினார். தொப்பையோடு ஓடுகிற நேரக் காப்பாளரைப் பார்த்து யாரோ சிரித்தார்கள்.

வீட்டில் எல்லா விளக்கையும் போட்டார். கதவுக்கு எதிரே நாற்காலி. நோட்டு மடியில். பேனா கையில். ஆறு இருபது. ஆறு இருபத்திரண்டு. பக்கத்து வீட்டில் குக்கர் விசில் அடித்தது. ஆறு இருபத்தைந்து. இன்றைக்கு இருபத்தாறுக்கு ஒன்றும் கேட்கக் கூடாது. ஆறரைக்குத்தான் கேட்கவேண்டும். செருப்பும் சாவியும் முழங்கால் வலியும், எல்லாம் ஆறரைக்கு.

ஆறு இருபத்தாறு.

சரக். தப். சரக். தப்.

கம்பியில் டங்.

சாவி திரும்பியது. கதவு திறந்தது. உண்மையிலேயே திறந்தது.

அவள் நின்றாள். செருப்பைக் கழற்றினாள், ஒன்று, இரண்டு, இரண்டும் தரையில் கிடந்தன. அவளுக்குப் பின்னால் சுவரில் நல்ல கறுப்பாக நிழல் விழுந்தது.

“என்னங்க, எல்லா லைட்டையும் போட்டு வச்சிருக்கீங்க? கல்யாணமா நடக்குது?”

குரலும் உதடும் ஒன்றாக. ஒரே நேரத்தில். நோட்டு மடியிலிருந்து விழுந்தது. அவர் அவள் கையைப் பிடித்தார். சூடாக இருந்தது. தோலுக்கு அடியில் நாடி துடித்தது. கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது. ஐம்பத்திரண்டு வயது ஆள் குழந்தை மாதிரி மூக்கை உறிஞ்சினார். அவள் சிரித்தாள். சமையலறைக்குப் போனாள், குழாய் சீறியது, டம்ளர் உட்கார்ந்தது.

“அப்பாடா.”

திரும்பி வந்து அவரருகே உட்கார்ந்தாள். அப்போதுதான் அவருக்கு ஒன்று உறைத்தது. மாடி ஏறும்போது அவள் திருப்பத்தில் நிற்கவில்லை. மூன்று மாடியும் ஒரே மூச்சில் வந்திருந்தாள்.

“முட்டி எப்படி இருக்கு?”

“எந்த முட்டி?” என்றாள்.

எழுந்தாள். வாசலுக்குப் போனாள். மேல் தாழ்ப்பாளைப் போட்டாள். கீழ்த் தாழ்ப்பாளையும்.

“ஏன் தாழ்ப்பாள் போடுற?”

“எல்லாரும் வந்தாச்சே.”

ஆறு இருபத்தொன்பது.

அவள் அவர் கையைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, விரல் விரலாகச் சொடக்கு எடுத்தாள். ஒவ்வொன்றும் சத்தமாக விழுந்தது.

ஆறரை.

கதவின் கைப்பிடி கீழே இறங்கியது. மெதுவாக. சத்தமில்லாமல். மேலே ஏறியது. மறுபடி இறங்கியது. தாழ்ப்பாள் அதிர்ந்தது, கதவுப் பலகை அதிர்ந்தது, ஒரு துளி ஓசை இல்லை. வெளியே யாரோ அந்தக் கதவைத் தன் பக்கம் இழுத்துப் பிடித்திருந்தார்கள். அந்தப் பூட்டை அப்படித்தான் திறக்கவேண்டும் என்று தெரிந்தவர்கள்.

“போகாதீங்க” என்றாள் பக்கத்தில் இருந்தவள். இதமாகத்தான் சொன்னாள்.

அவர் போனார். கதவிலிருந்த கண்ணாடித் துளையில் கண்ணை வைத்தார்.

மாடி விளக்கின் மஞ்சள் ஒளியில் அவள் நின்றாள். பலமுறை துவைத்த துணி மாதிரி வெளிறிப்போயிருந்தாள். அவள் தோளுக்கு ஊடாகப் படிக்கட்டின் கம்பி தெரிந்தது. ஒரு கை முழங்காலைப் பிடித்திருந்தது. இன்னொரு கையில் மஞ்சள் கார்டு. உதடு அசைந்தது.

இன்றைக்கு நோட்டில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. தேவைப்படவில்லை. அந்த வாக்கியத்தை உதட்டில் பார்த்தே அவருக்குத் தெரியும். பதினோரு வருடம் அவர் வாயிலிருந்து போன வாக்கியம்.

நாலு நிமிஷம்தானே.

அவர் கை மேல் தாழ்ப்பாளுக்குப் போனது. விரல் அதன் மேல் உட்கார்ந்தது. அதே விரல்.

அவளுக்குப் பின்னால், கீழ்ப்படியில், அவசரம் நின்றான். அவனுக்குப் பின்னால் அச்சுப் பிரிவின் இரட்டைச் சடைக்காரி. அவளுக்குப் பின்னால் இன்னொருவர். மாடித் திருப்பம் வரைக்கும், திருப்பத்தைத் தாண்டியும், ஒருவர் பின் ஒருவராக, முண்டாமல், தள்ளாமல், காலையில் கேட்டில் நிற்கிற அதே வரிசை. எல்லோர் கையிலும் கார்டு. எல்லோர் உதடும் அதையே சொல்லிக்கொண்டிருந்தது.

முதுகில் ஒரு சூடு வந்து சாய்ந்தது. தாழ்ப்பாளின் மேலிருந்த அவர் கையின்மேல் ஒரு கை வந்து உட்கார்ந்தது. காய்ந்த பிளாஸ்டிக், சோப்பு.

“நேரமாச்சுங்க” என்று அவர் காதுக்குள் சொன்னது அவள் குரல். “இனிமே யாரையும் விடாதீங்க.”

விரல் நகரவில்லை. அந்தக் கை அழுத்துவதாலா, தன் விரலே நகர மறுப்பதாலா என்று அவருக்குத் தெரியவில்லை.

துளைக்கு அந்தப் பக்கம் அவள் ஒரு கணம் காத்திருந்தாள். பிறகு முன்னால் வந்து, தன் கண்ணை அதே துளையில் வைத்தாள்.

அவளுக்குப் பின்னால், சத்தமே இல்லாமல், வரிசை ஒரு படி மேலே ஏறியது.